டேட்டாவுக்கும் ஒரு தராசு வேண்டும்

பால்மரம் வெட்டிய காலத்தை நம்மில் நாற்பதைத் தாண்டியவர்கள் மறந்திருக்க மாட்டோம். விடியுமுன்னே தீம்பாருக்குப் போன நம் தாய்மார்கள் நண்பகலில் வாளியைச் சுமந்துகொண்டு ஸ்டோருக்கு வருவார்கள். அங்கே கிராணி பாலை நிறுத்துப் புத்தகத்தில் எழுதுவார். அவர் எழுதியதுதான் கணக்கு, அவர் சொன்னதுதான் சம்பளம். சில தாய்மார்கள் மட்டும் வீட்டுக்கு வந்ததும் பிள்ளையைக் கூப்பிட்டு, "இன்னைக்கு இத்தனை கிலோ, நோட்டுல எழுதி வை" என்பார்கள். மாதக் கடைசியில் சம்பளச் சீட்டு வந்தால் அந்த நோட்டோடு ஒப்பிட்டுப் பார்ப்பார்கள். குறைந்திருந்தால் நேரே ஆபீசுக்குப் போவார்கள். நோட்டு இல்லாதவர்களோ முணுமுணுத்துக்கொண்டு வீட்டுக்குப் போவார்கள்.

இந்தப் பழைய கதையை இப்போது ஏன் எடுத்தோம்? இன்றைக்கு நம் தோட்டங்களில் இன்னொரு சரக்கு மாதாமாதம் நிறுக்கப்படுகிறது. அதை நிறுப்பவன் நம் கண்ணுக்குத் தெரியாதவன். நம்மிடமோ நோட்டு இல்லை. அந்தச் சரக்கின் பெயர் டேட்டா.

பத்து நாளில் தீர்ந்த கதை

சென்ற ஆண்டு பெஸ்தாரி ஜெயா பக்கமுள்ள ஒரு தோட்டத்தில் குலை வெட்டும் சகோதரர் ஒருவர் நம்மிடம் வந்தார். முகத்தில் கோபம். "அண்ணே, இந்த போன் கம்பெனிக்காரன் நம்மள ஏமாத்துறான். 35 வெள்ளி போட்டேன், 20 ஜி.பி.ன்னு சொன்னான். பத்து நாளுலயே முடிஞ்சு போச்சு. மறுபடி 15 போட்டேன், அதுவும் போச்சு. இன்னொரு 15 போட்டேன். சங்கம் இதைக் கேட்கக் கூடாதா?" என்றார்.

மொத்தம் 65 வெள்ளி. 2025 பிப்ரவரி 1ஆம் தேதி நடப்புக்கு வந்த குறைந்தபட்சச் சம்பளம் மாதம் 1,700 வெள்ளி. 26 நாள் வேலை என்று வகுத்தால் ஒரு நாளுக்கு 65 வெள்ளி 38 காசு. ஆக, அந்தச் சகோதரர் வெயிலிலே அண்ணாந்து அண்ணாந்து குலை வெட்டிய ஒரு முழு நாளின் கூலி, கண்ணுக்குத் தெரியாமல் காற்றிலே போயிருக்கிறது.

அதைவிட நம்மைச் சுட்டது அவர் மனைவி சொன்னதுதான். "காசு போனாப் போவுதுங்கண்ணே. சின்னவளுக்கு டீச்சர் வீடியோ அனுப்பிப் பாத்துட்டு எழுதச் சொன்னாங்க. டேட்டா இல்ல. மூணு நாளா வெறும் நோட்டோட பள்ளிக்கூடம் போறா. 'ஏன் செய்யல'ன்னு கேட்டா தலையக் குனிஞ்சுக்கிட்டு நிக்கிறாளாம்."

நாம் அந்தப் போனை வாங்கி அமைப்புப் பகுதியைத் திறந்தோம். எந்தச் செயலி எவ்வளவு தின்றது என்று போனே எழுதி வைத்திருக்கிறது. ஆனால் யாரும் திறந்து பார்த்ததில்லை. முதல் இடத்தில் குறும்படக் காணொளிகள், பெரிய பையனின் வேலை. இரண்டாம் இடத்தில் வாட்ஸ்அப். "நான் அதுல மெசேஜ்தானே பாக்கிறேன்?" என்று சகோதரர் திகைத்தார். உள்ளே போய்ப் பார்த்தால், கோயில் குழு, சொந்தக்காரர் குழு, பழைய மாணவர் குழு என்று எல்லாவற்றிலும் வந்த காணொளிகள் அவர் தொடாமலே தானாக இறங்கியிருந்தன.

அதிலே நமக்கு ஒரு வெட்கமும் காத்திருந்தது. அதிக எடையுள்ள காணொளிகளை அனுப்பிய குழு நம் சங்கக் குழுதான்! கூட்டத்தில் பேசிய பேச்சையெல்லாம் பெருமையாகப் படம் பிடித்து அனுப்பியிருந்தோம். ஏமாற்றியவனைத் தேடிப் போனவர்கள், நம் கையே அவர் சட்டைப்பைக்குள் இருந்ததைக் கண்டோம். அன்றைக்கே முடிவு செய்தோம்: சங்கக் குழுவில் இனி எழுத்தும் குரல் பதிவும் மட்டும்.

எது எவ்வளவு தின்னும்?

மெகாபைட் என்பதைத்தான் எம்.பி. என்கிறோம். தேர்தலுக்குத் தேர்தல் வருகிற எம்.பி. அல்ல! சுமார் ஆயிரம் எம்.பி. சேர்ந்தால் ஒரு ஜி.பி. துல்லியமாகச் சொன்னால் 1,024 என்பார்கள். வீட்டுக் கணக்குக்கு ஆயிரம் போதும்.

வாட்ஸ்அப்பில் எழுத்து அனுப்புவதற்கு ஏறக்குறைய ஒன்றுமே ஆகாது. குரல் அழைப்பு நிமிடத்துக்கு அரை எம்.பி. அளவு. முகம் பார்த்துப் பேசும் வீடியோ அழைப்பு நிமிடத்துக்கு சுமார் 5 எம்.பி. அதாவது பத்து மடங்கு. யூடியூப்பைச் சாதாரணத் தரத்தில், 480 என்று போட்டிருக்குமே, அதில் பார்த்தால் மணிக்கு அரை ஜி.பி. 1080 என்ற உயர்ந்த தரத்தில் பார்த்தால் ஒன்றரை ஜி.பி.யிலிருந்து மூன்று வரைகூடப் போகும். அதே படம், அதே பாட்டு, அதே சின்னத் திரைதான். குறும்படக் காணொளிகளை விரலால் தள்ளிக்கொண்டே இருந்தால் மணிக்கு அரை ஜி.பி.க்கு மேல், ஒரு ஜி.பி. வரை போகலாம். போனுக்குப் போன், இடத்துக்கு இடம் இது கொஞ்சம் கூடும், குறையும். ஆனால் எது யானை, எது எறும்பு என்பது மாறாது.

இப்போது ஒரு குடும்பத்தின் கணக்கைப் போட்டுப் பார்ப்போம். கையில் 20 ஜி.பி. இருக்கிறது. தானாக இறங்கும் காணொளி நாளுக்கு இருபது, ஒன்று 8 எம்.பி. என்றால் 160 எம்.பி. அம்மா சபாக் பெர்ணத்தில் இருக்கும் அக்காவோடு நாளுக்கு இருபது நிமிடம் முகம் பார்த்துப் பேசினால் 100 எம்.பி. பையன் ஒரு மணி நேரம் குறும்படம் பார்த்தால் 700 எம்.பி. கூட்டினால் ஒரு நாளுக்கு 960 எம்.பி. மாதத்துக்கு கிட்டத்தட்ட 29 ஜி.பி. 20 ஜி.பி.யோ இருபத்தோராவது நாளில் தீர்ந்துவிடும். சின்னவளின் பாடத்துக்கு இதில் ஒரு சொட்டுகூட ஒதுக்கவில்லை என்பதைக் கவனியுங்கள். பையன் ஒரு மணி நேரத்தை இரண்டு மணியாக்கினால் பன்னிரண்டாவது நாளிலேயே ஏறக்குறைய தீர்ந்துவிடும். அந்தச் சகோதரர் வீட்டில் நடந்தது ஏறக்குறைய இதுதான்.

இதையே மாற்றிப் போடுவோம். தானாக இறங்குவதை நிறுத்திவிட்டு, வேண்டியதை மட்டும் தொட்டு இறக்கினால் மாதம் ஒரு ஜி.பி. போதும். அக்காவோடு பத்து நாள் முகம் பார்த்துப் பேசுவது, மற்ற இருபது நாள் குரலில் பேசுவது என்று வைத்தால் ஒன்றேகால் ஜி.பி. போதும். பையனுக்கு அரை மணி நேரம், தரத்தைக் குறைத்துப் பார்த்தால் மாதம் ஏழரை ஜி.பி. சின்னவளுக்கு தினம் அரை மணி நேரப் பாடக் காணொளி, அதுவும் ஏழரை ஜி.பி. எல்லாம் சேர்ந்து பதினேழேகால். மிச்சம் மூன்றுக்குக் கொஞ்சம் குறைவு. அவசரத்துக்கு அது கிடக்கட்டும். யாருடைய சந்தோஷத்தையும் நாம் பிடுங்கவில்லை. அக்காவும் பேசுகிறார், பையனும் பார்க்கிறான். பிள்ளையின் பங்கு மட்டும் முதலில் எடுத்து வைக்கப்பட்டது.

நோட்டு எடுங்கள்

சம்பளம் வாங்கியதும் அரிசிக்கு எடுத்து வைப்பதுபோல, டாப்அப் போட்ட அன்றே பிள்ளையின் பாடத்துக்கு இவ்வளவு என்று எழுதி வையுங்கள். ஞாயிற்றுக்கிழமை தோறும் போன் நிறுவனத்தின் செயலியைத் திறந்து மிச்சத்தைப் பாருங்கள். 20 ஜி.பி. என்றால் வாரத்துக்கு நாலரைக்கு மேல் போகக் கூடாது. நாலு வாரத்துக்குப் பதினெட்டு, கடைசி இரண்டு நாளுக்கு இரண்டு. முதல் ஞாயிறு பதினைந்தரைக்குக் கீழே இறங்கியிருந்தால் அப்போதே கடிவாளத்தைப் பிடியுங்கள். பத்தொன்பதாம் தேதி அழுது பயனில்லை.

போனில் செய்ய வேண்டியது நாலே காரியம். வாட்ஸ்அப்பில் தானியங்கிப் பதிவிறக்கத்தை நிறுத்துங்கள். யூடியூப்பில் டேட்டா சேமிப்பைத் தேர்ந்தெடுங்கள். செயலிகள் தங்களைத் தாங்களே புதுப்பித்துக்கொள்வது வைஃபையில் மட்டும் என்று வையுங்கள். ஹாட்ஸ்பாட்டுக்குக் கடவுச்சொல் போடுங்கள், இல்லாவிட்டால் பக்கத்து வீட்டுப் பையன் உங்கள் வாளியில் மொண்டுகொண்டிருப்பான். இதெல்லாம் தெரியாது என்று கூச்சப்பட வேண்டாம். உங்கள் வீட்டு ஐந்தாம் வகுப்புப் பிள்ளையைக் கேளுங்கள், இரண்டே நிமிடத்தில் செய்து தரும்.

இன்னொன்று. "அன்லிமிடெட்" என்ற ஒரு சொல்லைப் பார்த்து ஏமாறாதீர்கள். பல திட்டங்களில் ஒரு அளவுக்கு மேல் வேகம் குறைந்துவிடும், ஹாட்ஸ்பாட்டுக்குத் தனி அளவு இருக்கும். சின்ன எழுத்தில் போட்டிருப்பதைப் படியுங்கள். குறுஞ்செய்தி வழியே ஜோதிடம், விளையாட்டு என்று ஒட்டிக்கொண்டு காசைக் கழிக்கும் சேவைகளும் உண்டு. தெரியாத ஐந்து இலக்க எண்ணிலிருந்து செய்தி வந்து காசு குறைந்தால், அந்த எண்ணுக்கு 'ஸ்டாப் ஆல்' என்று ஆங்கில எழுத்தில் தட்டி அனுப்புங்கள். நிற்காவிட்டால் தொடர்பு பல்லூடக ஆணையத்தில் புகார் செய்யலாம். புகார் எழுத சங்கக் கிளை உதவும்.

குற்றம் நம்முடையது மட்டும்தானா?

இவ்வளவு சொன்னதும், "எல்லாம் நம்ம தப்புதான்" என்று யாரும் நினைத்துவிடலாகாது. சிக்கனம் வேறு, உரிமை வேறு.

2020 மார்ச் 18ஆம் தேதி நடமாட்டக் கட்டுப்பாடு வந்தது. பள்ளிகள் மூடின. பாடம் போனுக்குள் போயிற்று. அந்த ஆண்டு ஏப்ரலிலிருந்து நாளுக்கு ஒரு ஜி.பி. இலவசம் என்றார்கள், காலை எட்டிலிருந்து மாலை ஆறு மணி வரை. நல்ல காரியம்தான். ஆனால் நம் வீடுகளில் இருந்தது ஒரே போன். அதை அப்பா காட்டுக்கோ அம்மா பேக்டரிக்கோ கொண்டு போய்விடுவார்கள். போன் பிள்ளையின் கைக்கு வரும்போது மணி ஆறு. இலவசத்தின் கதவு அப்போது சாத்தியிருக்கும். அதே ஆண்டு சபாவில் பித்தாஸ் பக்கம் ஒரு மாணவி தேர்வு எழுதுவதற்காக மரத்தில் ஏறி உட்கார்ந்ததை நாடே பார்த்தது. நம் தோட்டத்துப் பிள்ளைகள் லைன் தேடி மேட்டிலும் சாலையோரத்திலும் நின்றதை யாரும் படம் பிடிக்கவில்லை.

இன்றைக்கு டேட்டா என்பது பொழுதுபோக்கு மட்டுமா? எஸ்.டி.ஆர். உதவிக்கு மனு போட இணையம். சேமநிதிக் கணக்கைப் பார்க்க இணையம். பள்ளி அறிவிப்புக்கு இணையம். நம்மோடு வேலை செய்யும் வங்காளதேச, இந்தோனேசியத் தொழிலாளி தன் பிள்ளையின் முகத்தைப் பார்க்க வேண்டுமானாலும் இணையம்தான். அவருக்கும் இந்த 20 ஜி.பி. கணக்கைச் சொல்லிக் கொடுங்கள், அவரும் பாட்டாளிதான்.

தொழிலாளர் குடியிருப்பு வசதிகள் பற்றிய 446ஆம் சட்டம் 1990ல் வந்தது. தோட்ட வீடுகளுக்குத் தண்ணீரும் மின்சாரமும் முதலாளி தர வேண்டும் என்று அது சொல்கிறது. அந்தச் சட்டம் எழுதிய நாளில் இணையம் நம் லயத்தை எட்டிப் பார்க்கவில்லை. இன்று எட்டிப் பார்த்துவிட்டது. ஆகவே நாம் கேட்பது இதுதான்: ஒவ்வொரு தோட்டத்திலும் மண்டபத்திலோ பாலர் பள்ளியிலோ மாலை நேரத்தில் பிள்ளைகள் உட்கார்ந்து படிக்க ஒரு வைஃபை இணைப்பு. ஒரு மேசை, நாலு நாற்காலி, ஒரு விளக்கு. நிர்வாகத்துக்கு இது பெரிய செலவே அல்ல. நாட்டின் முதல் வணிகச் செம்பனைத் தோட்டம் 1917ல் உருவானது இதே கோலசிலாங்கூர் மாவட்டத்தில், தென்னமரம் தோட்டத்தில்தான். நூறு ஆண்டுக்கு மேல் எண்ணெய் எடுத்த மண், ஒரு மணி நேர இணையத்தைத் தொழிலாளியின் பிள்ளைக்குத் தரலாகாதா?

அதுவரை பக்கத்தில் நாடி மையமோ நூலகமோ இருந்தால் வாரம் ஒரு முறை பிள்ளையைக் கூட்டிப் போங்கள். பாடக் காணொளிகளை அங்கே இறக்கிக்கொண்டு வந்தால் வீட்டு டேட்டா மிச்சம்.

கேட்பதற்கும் நோட்டுதான் ஆயுதம். "டேட்டா போதல" என்று நிர்வாகியிடம் போய் நின்றால், "உங்க ஆளுங்க டிக்டாக் பாக்கிறாங்க" என்று ஒரே வார்த்தையில் திருப்பி அனுப்பிவிடுவார். இருபது குடும்பம் மூன்று மாதம் எழுதிய கணக்கோடு போனால், இவ்வளவு பாடத்துக்கு, இவ்வளவு சம்பளத்தில் என்று எண்களை எடுத்து வைத்தால், அவரும் பேனாவை எடுத்தே ஆக வேண்டும். அன்று ஸ்டோரில் பால் நோட்டோடு நின்ற தாய்மார்கள் நமக்குக் கற்றுக் கொடுத்த பாடம் இது.

அந்தக் குலை வெட்டும் சகோதரர் வீட்டில் இப்போது அடுப்படிச் சுவரில் ஒரு காலண்டர் தொங்குகிறது. ஞாயிற்றுக்கிழமைக் கட்டங்களில் பென்சிலால் எண்கள். எழுதுவது சின்னவள். சென்ற மாதம் கடைசி நாளில் இரண்டு ஜி.பி. மிச்சம் என்று போட்டு, அதைச் சுற்றி ஒரு வட்டமும் போட்டிருந்தாள்.

வருகிற சம்பளத்தன்று உங்கள் வீட்டிலும் ஒரு பென்சிலை எடுங்கள், சொந்தங்களே. நம் கணக்கை நாமே எழுதுவோம். எழுதிய கணக்கோடு ஒன்றாகப் போய்க் கேட்போம்.