ஏர் பிடித்தவன் கையில் ஏடு எங்கே?

உழுதவன் கணக்குப் பார்த்தால் உழக்கும் மிஞ்சாது என்பது ஊரறிந்த பழமொழி. ஆனால், அந்தக் கணக்கை எழுதியவன் யார் என்று எவரும் கேட்டாரில்லை! களத்திலே நெல்லை அளந்து கொட்டியவன் உழவன்; அளந்ததை ஏட்டில் பொறித்தவன் பண்ணைக் கணக்கன். ஏர் ஒருவன் கையில்; ஏடு இன்னொருவன் கையில். இன்றும் குத்தகை வழக்குகளில் உழவன் தோற்பதற்கு வேர் இதுவே.

சட்டம் இல்லாமலில்லை. 1952-இல் தஞ்சைக் குத்தகையாளர், பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் வந்தது. அது விளைவில் ஐந்தில் இரு பங்கை உழவனுக்கு உறுதியாக்கிற்று. 1955-இல் 25-ஆம் சட்டமாகப் பயிரிடும் குத்தகையாளர் பாதுகாப்புச் சட்டம் இயற்றப்பெற்றது. 1956-ஆம் ஆண்டுச் சட்டம் நன்செய் நிலத்தில் உடையவன் பங்கு 40 விழுக்காடு என வரம்பு கட்டியது. பின்னர் அது 25 விழுக்காடாகக் குறைந்தது. அளவில் உழவன் படிப்படியாக ஏறினான், உண்மையில் ஏறினானா?

1955-ஆம் ஆண்டுச் சட்டத்தின் நெஞ்சம் நல்ல நெஞ்சம். தன் உடலுழைப்பையோ தன் குடும்பத்தார் உழைப்பையோ இட்டுப் பிறர் நிலத்தைக் குத்தகைக்குப் பயிரிடுவோனை அது காக்கிறது. ஒப்பந்தம் வெளிப்படையாக இருக்க வேண்டுவதில்லை. குறிப்பால் விளங்கினும் போதும். குத்தகை செலுத்தாமை, நிலத்திற்குக் கேடு விளைத்தல், உழவல்லாத வேலைக்கு நிலத்தைப் பயன்படுத்தல், உடையவனின் உரிமையையே வேண்டுமென்று மறுத்தல் ஆகியவையே வெளியேற்றத்திற்கு அது வகுத்த முதன்மையான கரணியங்கள்.

அரண் வலிதுதான். ஆனால், அரணுக்குள் நுழையும் வாயிலில் ஒரு வினா நிற்கிறது: "நீ குத்தகையாளன் என்பதற்குச் சான்று எங்கே?" ஆண்டுதோறும் நெல்லளந்தவனுக்குப் பற்றுச்சீட்டுத் தரப்பட்டதில்லை. வழக்கென்று வந்ததும், "இவன் குத்தகையாளன் அல்லன், கூலியாள்" என்கிறான் உடையவன். முப்பதாண்டு சேற்றில் நின்ற கால்கள் சான்றாகா; மூன்று வரித் தாள் சான்றாகும்! ஒப்பந்தம் வாய்மொழியாகவே இருக்கட்டும் என்று பெருந்தன்மையோடு சொன்ன சட்டம், அவ் வாய்மொழியை மறுப்பவனுக்கும் வழி திறந்துவிட்டது.

இக் குறையைப் போக்கவே 1969-இல் 10-ஆம் சட்டமாகக் குத்தகை உரிமைப் பதிவேட்டுச் சட்டம் பிறந்தது. பதிவேட்டில் பெயர் இருந்தால், தவறென்று மெய்ப்பிக்கப்படும் வரை அதுவே உண்மையெனக் கொள்ளப்படும். ஆயின், அவ்வேட்டில் ஏறுவதற்கே ஒரு போர் நடத்த வேண்டும். பதிவு அலுவலர், மேல்முறையீட்டு அலுவலர், மாவட்ட ஆட்சியர், அதன்பின் உயர் முறைமன்றம் எனப் படிகள் நீளுகின்றன. உச்சிப் படியில் உழவனின் தலையெழுத்து ஆங்கிலத்தில் எழுதப்படுகிறது! உயர் முறைமன்றத்தில் தமிழ் வேண்டுமென 2006-இல் சட்டமன்றம் ஒருமனமாகக் கேட்டும் இசைவு கிட்டவில்லை. தன் நிலம் ஏன் போயிற்று என்பதைத் தன் தாய்மொழியில் படித்தறியவும் இயலாதவனுக்கு எந்த முறை வழங்கப்பட்டதாகும்?

"குத்தகைக்கு விட்டால் நிலம் திரும்பாதே, கைம்பெண்ணும் சிறு நிலத்தானும் என் செய்வர்?" என்பார் உளர். அவ்வச்சம் பொய்யன்று. 2016-இல் நிதி ஆயோக் மாநிலங்களுக்கென வகுத்த குத்தகைச் சட்ட வரைவும் இவ்வச்சத்தையே முன்வைத்து, கெடு முடிந்ததும் நிலம் உடையவனிடம் மீள வேண்டும் என்றது. சிறு நிலத்தார்க்கு வழி வகுக்கட்டும், மறுப்பில்லை. ஆனால், கைம்பெண்ணின் கண்ணீரைக் காட்டிப் பெருநிலக்கிழார் தப்புவதை எவ்வாறு பொறுப்பது? எழுதிய குத்தகை இருபாலாரையும் காக்கும்; எழுதாக் குத்தகை வலியவனை மட்டுமே காக்கும்.

மேற்கு வங்கம் வழி காட்டியது. 1977-இல் திருத்திய அதன் சட்டப்படி, பிறர் நிலத்தை முறையாக உழுபவன் வாரக்குடியே என்று முதலில் கொள்ளப்படும். அல்லன் என்பவனே மெய்ப்பிக்க வேண்டும். 1978 முதல் அலுவலர்கள் ஊரூராகச் சென்று, வாரக்குடிகளைக் கூட்டி, அவர்கள் வாய்ச்சொல் கேட்டுப் பதிந்தனர். ஏறத்தாழ 14 இலக்கம் பேர் பெயர்கள் ஏட்டில் ஏறின. அங்கே ஏடு உழவனைத் தேடிச் சென்றது; இங்கே உழவன் ஏட்டைத் தேடி அலைகிறான். வேறுபாடு இவ்வளவே, விளைவோ மலைக்கும் மடுவுக்கும்!

எனவே, மெய்ப்பிக்கும் சுமை உழவன் தோளிலிருந்து இறங்க வேண்டும். பதிவேடு வயலுக்கு வர வேண்டும். வழக்கின் மொழி தமிழாதல் வேண்டும். அதுவரை உழவர் வாளாவிருத்தலாகாது. பற்றுச்சீட்டின்றி ஒரு மரக்கால் நெல்லும் அளக்காதீர்! வாங்க மறுத்தால் குத்தகையை மன்றத்தில் கட்டுவதற்குச் சட்டம் இடந்தருகிறது, கட்டுங்கள்! பதிவேட்டில் பெயர் ஏற்றுங்கள்!

ஏர் பிடித்த கை ஏடும் பிடிக்கட்டும். அன்றுதான் உழுதவன் கணக்கில் உழக்கேனும் மிஞ்சும்!