நம் சாவுக்கு மட்டும் முகமில்லையா?

சயாம் மரண ரயிலைப் பற்றி எத்தனையோ ஆவணப்படங்கள் வந்துவிட்டன. நான் பார்த்தவற்றில் பெரும்பாலும் ஒரே காட்சிதான். காஞ்சனபுரி போர்க் கல்லறையில் கேமரா மெல்ல நகரும். ஏறத்தாழ 7,000 கல்லறைகள். ஒவ்வொன்றிலும் பெயர், படைப்பிரிவு, வயது. பின்னணியில் சோக இசை. கடைசியில் 'ஆசியத் தொழிலாளர்களும் இறந்தார்கள்' என்று ஒரு வாக்கியம். அவ்வளவுதான் நாம்!

415 கிலோமீட்டர் பாதை. 1942-43இல் அதைப் போட்ட போர்க் கைதிகள் 60,000 பேருக்கு மேல். இறந்தவர்கள் 12,000க்கும் அதிகம். அவர்களுக்குக் கணக்கு இருக்கிறது. தோட்டங்களிலிருந்து ஏற்றிப் போன தமிழர்களும், பர்மியர்களும், சாவகத்தாரும் ஏறக்குறைய 90,000 பேர் மாண்டதாகச் சொல்கிறார்கள். அது மதிப்பீடு. வெள்ளைக்காரனுக்கு எண்ணிக்கை, நமக்கு உத்தேசம்!

காரணம் கேட்டால் 'படம் இல்லை, பதிவு இல்லை' என்பார்கள். உண்மைதான். ஜேக் சாக்கர், ரொனால்ட் சியர்ல் போன்ற கைதிகள் ஒளித்து ஒளித்து வரைந்த ஓவியங்கள் தப்பிப் பிழைத்தன. காலராக் கொட்டகையில் கிடந்த நம்மவன் கையில் பென்சில் ஏது? ஆனால் படம் இல்லாவிட்டால் சாவைக் காட்ட முடியாதா? க்ளோட் லான்ஸ்மான் 1985இல் ஒன்பது மணி நேரத்துக்கும் மேல் ஓடும் 'ஷோவா'வை எடுத்தார். யூத இன அழிப்பைப் பற்றிய அந்தப் படத்தில் ஒரு பழைய பிணக் காட்சிகூடக் கிடையாது. உயிரோடிருந்தவர்களைப் பேசவிட்டார், கொன்ற இடங்களைக் காட்டினார். போதுமாக இருந்தது.

இனி நம்மவர்கள் படமெடுத்தால் ஒன்றைச் செய்ய வேண்டாம். கைதிகளின் எலும்புக்கூட்டுப் படங்களைத் தமிழ்க் குரலுக்கு மேல் ஒட்டாதீர்கள். நீதிமன்றத்தில் அடுத்தவன் காயத்தை என் கட்சிக்காரன் காயம் என்று காட்டினால் வழக்கே போச்சு. குறிஞ்சிவேந்தன் தம் ஆவணப்படத்துக்காகத் தப்பி வந்த முதியவர்களைத் தேடிப் போனார். அதுதான் வழி.

உடல் கிடைக்காத சாவைச் சட்டமே ஒப்புக்கொள்கிறது. நம் 1950ஆம் ஆண்டு சாட்சியச் சட்டம் 108ஆம் பிரிவைப் பாருங்கள். சேதி வந்திருக்க வேண்டியவர்களுக்கு ஏழு ஆண்டுகளாக ஒரு சேதியும் இல்லை என்றால், ஆள் உயிரோடிருக்கிறான் என்பவன்தான் அதை நிரூபிக்க வேண்டும். செமோர் பக்கத்துத் தோட்டத்தில் என் பாட்டியின் அக்காவுக்கு ஐம்பது ஆண்டுகளுக்கு மேல் சேதி வரவில்லை. சயாமுக்குப் போன கணவர் செத்ததாக யாரும் வந்து சொல்லவில்லை. தாலியோடும் பொட்டோடும்தான் அவரைக் கொண்டுபோய் எரித்தோம். எந்த ஆவணப்படத்தில் இருக்கிறது இந்தச் சாவு?

அந்தத் தோட்டத்து லயங்கள் இப்போது இல்லை. வீட்டுமனைகள் வந்துவிட்டன. சயாமுக்குப் போய்த் திரும்பியவர்கள் அநேகமாக எல்லோரும் போய்விட்டார்கள். அவர்களின் பிள்ளைகளுக்கே எண்பது வயதாகிறது. கைப்பேசியை எடுத்துக்கொண்டு இந்த ஞாயிற்றுக்கிழமையே போங்கள். முதலில் இறந்தவர் பெயரைச் சொல்லச் சொல்லுங்கள். பிறகு தோட்டத்தின் பெயர், ஆள் பிடித்துக் கொடுத்த கங்காணி யார், எந்த ஸ்டேசனில் ரயில் ஏற்றினார்கள். இடையில் அழுதால் கேமராவை நிறுத்தாதீர்கள், இசையும் சேர்க்காதீர்கள்.