கம்பியை மீட்டினால் கஞ்சி கிடைக்குமா?



சென்ற ஞாயிறு திருப்பலி முடிந்ததும், மணிலாப் பயிரிட்டு மூன்று மக்களை வளர்த்துவரும் விவசாயி ஒருவர் என்னிடம் வந்தார். “சாமி, என் மகன் ஐ.டி.ஐ. படிப்பை விட்டுவிட்டுக் கித்தார் வாசிக்கப் போகிறானாம். கம்பியை மீட்டினால் கஞ்சி கிடைக்குமா?” என்று மனம் நொந்து கேட்டார். கித்தாரை அறையில் வைத்துப் பூட்டிவிட்டாராம்.

உண்மையைச் சொன்னால், அத்தம்பி முன்பொரு நாள் என்னிடம் வந்தபோது, “முதலில் பிழைக்கும் வழியைப் பார்” என்று நானும் ஒரே வாக்கியத்தில் அனுப்பிவிட்டேன். அது முழுமையான பதிலன்று என்பதை இப்போது உணர்கிறேன்.

பண்ணைப்புரத்தில் 1943-இல் பிறந்த இளையராஜா, தம் அண்ணன் பாவலர் வரதராசனின் குழுவோடு ஊர் ஊராகச் சென்று வாசித்தவர். சென்னைக்கு வந்தபின், அறிந்தது போதுமென்று அவர் இருந்துவிடவில்லை. தன்ராஜ் மாஸ்டரிடம் மேனாட்டு இசையைப் பயின்றார்; லண்டன் டிரினிட்டி இசைக் கல்லூரியின் கித்தார்த் தேர்வில் தங்கப் பதக்கம் பெற்றார். சலில் சௌத்ரி முதலிய இசையமைப்பாளர்களின் படங்களுக்குக் கித்தார் வாசித்தார், ஜி. கே. வெங்கடேஷிடம் உதவியாளராய் உழைத்தார். ‘அன்னக்கிளி’ வெளிவந்தது 1976-இல். அதுவரை அவருக்குக் கஞ்சி வார்த்தது பிறர் படங்களுக்குச் செய்த வேலையே. அதே மனிதர் 2025 மார்ச் 8 அன்று லண்டனில் தம் சிம்பொனியை அரங்கேற்றினார்.

ஸ்பெயின் நாட்டின் பாக்கோ தெ லூசியாவும் இத்தகையவரே. தாயின் பெயரையே தம் பெயரோடு இணைத்துக்கொண்ட அவர், ‘ஃபிளமெங்கோ’ என்னும் அந்நாட்டு மக்களிசையைக் கித்தாரில் உலகறியச் செய்தார். 1983-இல் கார்லோஸ் சவுராவின் ‘கார்மென்’ திரைப்படத்திற்கு இசையளித்து, அதில் நடிக்கவும் செய்தார். கேள்வி ஞானத்தால் வளர்ந்த அவர், புகழின் உச்சியில் இருந்தபோதும், 1991-இல் ‘அரன்ஹுவேஸ்’ கச்சேரி இசையை வாசிப்பதற்காக, மாணவனைப்போல் அமர்ந்து இசைக்குறிப்பைப் பயின்றார். 2014-இல் மறைந்தார்.

இவர்களைக் காட்டி, “மகனை உடனே சென்னைக்கு அனுப்புங்கள்” என்று நான் சொல்லமாட்டேன். வாத்தியத்தோடு பட்டணம் சென்றோர் பலர். பெயர் பெற்றோர் சிலர். ஆயினும் பூட்டு ஒரு பதிலாகாது. பூட்டிய கித்தார் மகனுக்குப் பொறுமையைக் கற்பிக்காது. தந்தைமீது கசப்பையே வளர்க்கும்.

ஆகவே இருவரையும் அழைத்து அமரவைத்தேன். ஐ.டி.ஐ. படிப்பை விடக்கூடாது என்று தம்பியிடம் சொன்னேன். கித்தாரைத் திருப்பித் தரவேண்டும் என்று தந்தையிடம் கேட்டேன். நாள்தோறும் மாலையில் இரண்டு மணி நேரம், ஓர் ஆசிரியரிடம், முறையான பயிற்சி. ஓராண்டு கழித்து மீண்டும் பேசுவோம் என்றேன். அவசரத்தில் அனுப்பிவிட்டதற்காகத் தம்பியிடம் வருத்தமும் தெரிவித்தேன்.

தந்தை நெடுநேரம் பேசவில்லை. பின்னர் இடுப்பிலிருந்த சாவியை எடுத்து மகனிடம் நீட்டினார்.

நம் செஞ்சியின் ராஜகிரி உச்சியை ஒரே தாவலில் எட்டியவர் எவருமில்லை. படிப்படியாகத்தான் ஏறவேண்டும். பிள்ளை ஏறும்போது, பெற்றோரே, கீழே நின்று கதவைச் சாத்திவிடாதீர்கள்.