காலத்தைக் கட்டும் மணி

இரசமணியை அணிந்தால் நரை, திரை, மூப்பு அணுகா, காலமே கட்டுண்டு நிற்கும் என்று சொல்லிக் கடலூர்க் கடைத்தெருவுக்கும் சிதம்பரம் தேரடிக்கும் விற்க வருகிறவர்களை நாம் கேட்பது ஒன்றுதான்: "ஐயா, மணி உம் கழுத்திலேயே கிடக்க, உம் தலை ஏன் நரைத்தது?"

பாதரசத்தைக் கட்டுவது தெய்வ ரகசியமல்ல. வெள்ளி, வெள்ளீயம் முதலியவற்றின் பொடியோடு சேர்த்து அரைத்தால் அது தானே இறுகும். பல் வைத்தியர்கள் நெடுங்காலம் சொத்தைப் பல்லை அடைத்ததும் இத்தகைய கலவையால்தான். அப்படி அடைத்துக்கொண்டவர்களில் மூப்படையாதவர் யார்? பாதரச ஆவியோ விஷம். நரம்பையும் சிறுநீரகத்தையும் கெடுக்கும். அதை வீட்டில் காய்ச்சுகிறவனுக்கு ஆயுள் குறையுமேயன்றி வளராது.

அப்படியானால் காலம் மாறவே மாறாதா? மாறும். ஓடும் கடிகாரம் மெதுவாகும் என்று ஐன்ஸ்டைன் 1905ல் சொன்னார். 1971ல் அணுக் கடிகாரங்களை விமானத்தில் ஏற்றி, உலகைச் சுற்றிவந்து சோதித்தார்கள். கண்ட வித்தியாசம் ஒரு வினாடியில் பத்து லட்சத்தில் ஒரு பங்குகூட இல்லை. அதுவும் வேகத்தாலும் பூமியின் ஈர்ப்பாலும் வந்ததே தவிர, எந்த மணியின் மகிமையாலும் அல்ல. அந்த அணுவளவு வித்தியாசத்துக்கே விஞ்ஞானம் கணக்குக் காட்டிற்று.

பத்து வயதைக் குறைப்பதாகச் சொல்லுகிறவர் என்ன கணக்குக் காட்டினார்? சிதம்பரத்திலேயே 1929ல் ஏற்பட்ட அண்ணாமலைப் பல்கலைக்கழகம் இருக்கிறது. அங்கே பரீட்சைக்கு மணியைக் கொடுக்கச் சம்மதிப்பாரா?

தோழர்களே! இந்தியாவில் பெரியம்மையை 1975ல் ஒழித்தது அம்மைக் குத்தலேயன்றி மணியல்ல. பிள்ளையின் பள்ளிக்கு வைத்த பணத்தை மணிக்காரனுக்கு அவிழ்க்குமுன், இந்தக் கேள்விகளை அவனிடம் கேளுங்கள்.