அப்பீல் போட்டால் வசூல் நிற்குமா?

கீழக்குயில்குடியில் விவசாய நிலத்தை விற்கிறவர், அதற்கு வரி கிடையாது என்று நினைப்பது இயல்புதான். ஆனால் மக்கள்தொகை பத்து லட்சத்தைத் தாண்டிய நகரின் எல்லையிலிருந்து வான்வழியாக அளந்து 8 கிலோமீட்டருக்குள் இருக்கும் நிலம், அதில் நெல்லே விளைந்தாலும், வருமான வரிக் கணக்கில் மூலதனச் சொத்துதான். 2011 கணக்கெடுப்பிலேயே மதுரை மாநகராட்சி பத்து லட்சத்தைக் கடந்துவிட்டது. சமணர் மலையடிவாரத்தில் உள்ள கீழக்குயில்குடி அந்த 8 கிலோமீட்டருக்குள் வருகிறது. விற்ற பணம் ரொக்கமாக வங்கியில் ஏறி, அது எங்கிருந்து வந்தது என்று காட்ட முடியாமல் போனால் நிலைமை இன்னும் மோசம். 1961-ஆம் ஆண்டுச் சட்டப்படி வரி, சர்சார்ஜ், செஸ் எல்லாம் சேர்ந்து நூற்றுக்கு 78 ரூபாய் வரை போய்விடும்.

இந்த வரியைக் கேட்டு டிமாண்ட் நோட்டீஸ் கையில் கிடைத்தால் பணம் கட்ட 30 நாள். அப்பீல் போடவும் 30 நாள். குழப்பம் இங்கேதான் தொடங்குகிறது. அப்பீல் போட்டாயிற்று, இனித் தீர்ப்பு வரும்வரை யாரும் கேட்க மாட்டார்கள் என்று பலரும் இருந்துவிடுகிறார்கள். வருமான வரியில் அப்பீல் எதையும் தானாக நிறுத்துவதில்லை. 30 நாள் கழிந்ததும் சட்டத்தின் பார்வையில் நீங்கள் கட்டத் தவறியவர். உங்கள் கணக்கில் உள்ள பணத்தை அனுப்பச் சொல்லித் துறை வங்கிக்கே எழுதலாம். வங்கி அனுப்பித்தான் ஆக வேண்டும்.

வசூலை நிறுத்தி வைக்க வரி அதிகாரியிடம் தனியே மனு கொடுக்க வேண்டும். அப்பீல் முடியும்வரை ஒருவரைக் கட்டத் தவறியவராகக் கருதாமல் விட, 220(6) பிரிவு அவருக்கு அதிகாரம் தருகிறது. நடைமுறையில் வரும் பதில் பெரும்பாலும் ஒன்றுதான்: 20 சதவீதம் கட்டுங்கள், மிச்சத்தைப் பார்க்கலாம். இந்த 20 சட்டத்தின் வாசகம் அல்ல. நேரடி வரிகள் வாரியம் 2016-இல் தன் அதிகாரிகளுக்கு 15 சதவீதம் என்று சொன்னது. 2017 ஜூலையில் அதை 20 ஆக்கியது. அதற்கும் குறைவாகக் கேட்க அதிகாரிக்குத் தடையில்லை என்று எல்ஜி எலக்ட்ரானிக்ஸ் வழக்கில் 2018-இல் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது.

மறு ஆண்டே திருப்பூர் வழக்கு ஒன்றில் சென்னை உயர் நீதிமன்றம் இன்னொரு படி மேலே போனது. அப்பீலில் முதல் பார்வைக்கே வலு இருக்கிறதா, மனுதாரருக்குப் பண நெருக்கடி உண்டா, வசூலை நிறுத்தினால் யாருக்குப் பாதிப்பு அதிகம் என்ற மூன்றையும் அதிகாரி பார்த்தாக வேண்டும். மனுவில் அவை எழுதப்படாவிட்டாலும் பார்க்க வேண்டும் என்றது. ஆகவே மனுவில் வெறுமனே ‘ஸ்டே வேண்டும்’ என்று எழுதாதீர்கள். கிரயப் பத்திரம், அடங்கல், வங்கிக் கணக்கு, கடன் விவரம் எல்லாவற்றையும் இணைத்து இந்த மூன்றுக்கும் பதில் சொல்லுங்கள். மறுத்தால் முதன்மை ஆணையரிடம் போகலாம். அங்கும் கதவு திறக்காவிட்டால் உயர் நீதிமன்ற மதுரைக் கிளை இருக்கிறது.

மாசி வீதியில் கடை வைத்திருப்பவருக்கு இத்தனை அலைச்சல் இல்லை. ஜிஎஸ்டி முதல் அப்பீலில், தகராறில் உள்ள வரியில் 10 சதவீதத்தைக் கட்டினால் மீதி வசூல் தானாக நின்றுவிடும். யாருடைய மனமும் இரங்க வேண்டியதில்லை. அதே ஏற்பாட்டை வருமான வரிச் சட்டத்திலும் எழுத வேண்டும் என்பதே நம் நிலை. ஆணையர் மட்டத்தில் லட்சக்கணக்கான அப்பீல்கள் தேங்கிக் கிடக்கின்றன. அந்தத் தாமதம் மனுதாரர் செய்த குற்றமல்ல.

ஸ்டே கிடைத்தவர்களும் கவனிக்க வேண்டியது வட்டி. நிறுத்தி வைத்த தொகைக்கு மாதம் 1 சதவீதம் ஏறிக்கொண்டே இருக்கும். தோற்றால் அதையும் சேர்த்துக் கட்ட வேண்டும். ஜெயித்தால், நீங்கள் கட்டிய 20 சதவீதத்துக்கு அரசு தரும் வட்டி மாதம் அரை சதவீதம்தான். அப்பீல் எத்தனை ஆண்டு இழுத்தாலும் இந்த விகிதம் மாறாது.