கண்டக்டரிடம் வாங்கிய கடன்

வைகுண்ட ஏகாதசிக்குத் திருச்சி சத்திரம் பேருந்து நிலையத்திலிருந்து ஸ்ரீரங்கத்துக்கு விடிய விடியச் சிறப்புப் பேருந்துகள் ஓடும். படிக்கட்டு வரை பிதுங்கும் கூட்டத்துக்குள் புகுந்து டிக்கெட் கொடுக்கும் கண்டக்டரை நமக்குத் தெரியும். ஓய்வுபெற்ற பிறகு அவர் மதுரைக்குப் போய் உயர் நீதிமன்றக் கிளையில் ரிட் மனு போடுவது அவ்வளவாகத் தெரியாது.

அரசுப் போக்குவரத்துக் கழகங்களில் ஓய்வுபெற்றவர்களின் பணப்பலன்கள் உரிய நாளில் கைக்கு வராதது பழைய கதை. போக்குவரத்துத் தொழிலாளர்களின் 2017 மே வேலைநிறுத்தத்தில் இது முக்கியக் கோரிக்கை. சம்பளத்தில் பிடித்தம் செய்த பி.எஃப். பணத்தை உரிய கணக்கில் கட்டாமல் அன்றாடச் செலவுக்குத் திருப்பிவிடுகிறார்கள் என்பது தொழிற்சங்கங்கள் ஆண்டுக்கணக்கில் சொல்லிவரும் புகார். தாமதத்துக்கு வட்டியும் சேர்த்துக் கொடுக்கச் சொல்லி நீதிமன்றம் உத்தரவிடுவதும் வழக்கமாகிவிட்டது.

வட்டி கேட்டால் ஏதோ பேராசை போலப் பார்ப்பவர்கள் இருக்கிறார்கள். கணக்கைப் பாருங்கள். 2024-25-க்கு பி.எஃப். வட்டி 8.25 சதவீதம். பத்து லட்சம் ரூபாய் ஓராண்டு முடங்கினால் 82,500 ரூபாய், மாதம் 6,875. மருந்துக் கடையில் மாதாமாதம் கணக்கு வைத்திருக்கும் வீட்டில் இது சின்னத் தொகையா? அந்த ஓராண்டில் பணம் சும்மா கிடக்கவில்லை, வேறு யாருக்கோ டீசலாக எரிந்திருக்கிறது.

சட்டத்தில் குழப்பமே இல்லை. நிறுவனம் பி.எஃப். தொகையைக் கட்டத் தாமதித்தால் ஆண்டுக்கு 12 சதவீத வட்டி, அபராதம் தனி என்று 1952-ஆம் ஆண்டு பி.எஃப். சட்டம் வகுத்திருந்தது. சொந்தமாக அறக்கட்டளை வைத்து நடத்தும் நிறுவனங்களும் மத்திய அரசு அறிவிக்கும் வட்டிக்குக் குறையாமல் தர வேண்டும். துண்டு விழுந்தால் நிர்வாகமே ஈடுகட்ட வேண்டும். ஓய்வூதியமும் பணிக்கொடையும் அரசு மனமிரங்கிக் கொடுக்கும் இனாம் இல்லை, தாமதித்தால் வட்டி தர வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 1984 டிசம்பரிலேயே கேரள அரசுக்குச் சொல்லிவிட்டது. ஊழியர் தன் சம்பளத்திலிருந்தே சேர்த்த பி.எஃப். பணத்துக்கு இது இன்னும் அழுத்தமாகப் பொருந்தும்.

கழகம் நட்டத்தில் ஓடுகிறது என்பார்கள். உண்மைதான். ஆனால் அந்த நட்டம் எப்படி வந்தது? 2018-க்குப் பிறகு அரசுப் பேருந்துக் கட்டணம் உயரவில்லை. டீசல் விலை அங்கேயே நிற்கவில்லை. 2021 முதல் சாதாரண நகரப் பேருந்துகளில் பெண்களுக்குக் கட்டணமில்லை. நல்ல திட்டம், வேலைக்குப் போகும் எத்தனையோ பெண்களுக்குக் கைகொடுத்த திட்டம். ஆட்கள் வராத ஊருக்கும் கழகம் வண்டி விடுகிறது, விடத்தான் வேண்டும். இதெல்லாம் ஊர் கூடி எடுத்த முடிவு. அதற்கான செலவை டிரைவர், கண்டக்டரின் சேமிப்பில் கைவைத்துச் சமாளிப்பது, அவர்களைக் கேட்காமலே அவர்களிடம் நாம் வாங்கும் கடன்.

ஆகவே பொறுப்பு ஒருவரோடு முடியாது. கட்டணச் சலுகைகளுக்கான தொகையை அரசு காலாண்டின் தொடக்கத்திலேயே கழகத்துக்குக் கொடுத்துவிட வேண்டும். ஒவ்வொரு டெப்போ அறிவிப்புப் பலகையிலும், போன மாதப் பிடித்தம் எவ்வளவு, எந்தத் தேதியில் கட்டப்பட்டது என்று ஒட்டுவதற்குப் பெரிய செலவில்லை. சங்கங்களுக்கும் ஒரு வார்த்தை: போனஸுக்கு வாயிற்கூட்டம் போடும் வேகத்தில் பாதியாவது, ஆண்டுதோறும் அறக்கட்டளைக் கணக்கைக் கேட்டுவாங்குவதில் இருக்கட்டும். பயணிகளாகிய நாமும் கட்டணத்தில் ஒரு ரூபாய் ஏற்றினால் கொதிக்கிறோம். கட்டண உயர்வு வேண்டாம் என்றால் வரிப்பணத்திலிருந்து தர ஒப்புக்கொள்ள வேண்டும். மூன்றாவது வழி கிடையாது.

இன்னொன்று. வழக்குப் போட்டவருக்கு மட்டும் வட்டி என்ற நிலை அநியாயம். வக்கீலுக்குக் கொடுக்கக் காசில்லாதவரும், கணவர் இறந்துபோய் எங்கே போவதென்று தெரியாமல் நிற்கும் பெண்ணும் அதே டெப்போவின் குடும்பம்தான். மனு வாங்காமலே, தாமதமான நாள்களைக் கணக்கிட்டு அசலோடு வட்டியும் அவர்கள் வங்கிக் கணக்கில் சேர வேண்டும். அதற்கான தொகையை அடுத்த நிதிநிலை அறிக்கையில் தனி இனமாகவே காட்டச் சொல்லி, திருச்சி, ஸ்ரீரங்கம் சட்டமன்ற உறுப்பினர்கள் கட்சி பார்க்காமல் கேட்கலாம்.