மூணு வருஷ இ-ஸ்கூட்டர்: பேட்டரியை எப்போ மாத்தணும்?

2022-23 நிதியாண்டில் இந்தியாவில் சுமார் 7 லட்சம் மின்சார இருசக்கர வாகனங்கள் பதிவாயின. அதில் ஒன்று உங்களுடையது என்றால், அப்போது பரவலாக இருந்த மூன்று ஆண்டு பேட்டரி வாரண்டி உங்களுக்கு முடிந்திருக்கும். சரியாக இந்த நேரத்தில்தான் “முன்ன மாதிரி ரேஞ்ச் வரலையே” என்ற சந்தேகமும் எழும். சர்வீஸ் சென்டருக்குப் போனால் வரும் எஸ்டிமேட் பல பத்தாயிரங்களில் இருக்கும். கொஞ்சம் பொறுங்கள்.

முதலில், உண்மையிலேயே குறைந்திருப்பது பேட்டரிதானா என்று பாருங்கள். டயரில் காற்று குறைவு, உரசிக்கொண்டே ஓடும் பிரேக், பின்னால் ஆள், டெல்லி மாதிரி ஊர் என்றால் டிசம்பர் குளிர்: இவை எல்லாமே ரேஞ்சைக் குறைக்கும். குளிரில் குறைந்தது வெயில் வந்தால் தானாகத் திரும்பிவிடும். விளம்பரத்தில் போட்ட கிலோமீட்டரோடு ஒப்பிடவே வேண்டாம், அது சோதனைக்கூட எண். வண்டி புதிதாக இருந்தபோது உங்கள் ரோட்டில், உங்கள் கையில் எவ்வளவு ஓடியது என்பதுதான் கணக்கு.

டயரில் சரியாகக் காற்று அடித்து, முழு சார்ஜ் போட்டு, தினமும் போகும் வழியில் ஒரே மோடில் 20% வரை ஓட்டுங்கள். ஓடிய தூரத்தை 1.25-ஆல் பெருக்கினால் இன்றைய ரேஞ்ச் கிடைக்கும். ஒரு நாள் பார்த்து முடிவு செய்யாதீர்கள், நான்கைந்து முறை பாருங்கள். புதிதில் 90 கி.மீ. ஓடியது இப்போது 72 ஓடினால், தோராயமாக 80% மிச்சம். ‘80-க்குக் கீழே வந்தால் மாற்ற வேண்டும்’ என்று பலர் சொல்வார்கள். ஆபீஸ் போய்வர 25 கி.மீ. என்றால் உங்களுக்கு எதற்கு அவசரம்? மெதுவாகக் குறையும் பேட்டரியோடு இன்னும் சில வருடம் தாராளமாக ஓட்டலாம்.

கவலைப்பட வேண்டியது வேறு மாதிரி அறிகுறிக்கு. 40% காட்டிய மீட்டர் ஒரு மேம்பாலம் ஏறுவதற்குள் 10-க்கு விழுகிறது, அல்லது வண்டி திடீரென நின்றுவிடுகிறது. பேக்குக்குள் செல்கள் தொகுதி தொகுதியாக வரிசையில் இணைக்கப்பட்டிருக்கும். கூட்டமாக நடக்கும்போது மெதுவாக நடப்பவரின் வேகம்தான் எல்லோருக்கும். அதே மாதிரி, ஒரு தொகுதி சோர்ந்தாலும் பேட்டரியைக் கண்காணிக்கும் பி.எம்.எஸ். மொத்த பேக்கையும் நிறுத்திவிடும். மற்ற செல்கள் நன்றாகவே இருக்கலாம். ஆகவே “பேக் போச்சு, மாத்தணும்” என்று சொன்னால், ஒவ்வொரு தொகுதியின் வோல்டேஜும் உள்ள ரிப்போர்ட்டை எழுத்தில் கேளுங்கள். சில சமயம் செல்களைச் சமன்செய்தாலே சரியாகிவிடும்.

பேக் உப்பியிருந்தாலோ, வாடை வந்தாலோ, வழக்கத்துக்கு மீறிச் சுட்டாலோ, வெள்ளத்தில் மூழ்கியிருந்தாலோ இந்தக் கணக்கெல்லாம் வேண்டாம். சார்ஜ் போடாதீர்கள், வீட்டுக்குள் வைக்காதீர்கள், உடனே நிறுவனத்துக்குச் சொல்லுங்கள்.

சரி, மாற்றியே ஆக வேண்டும் என்றால் ஏன் இவ்வளவு செலவு? செல் விலை மட்டும் காரணம் இல்லை. 2021 ஜூன் முதல் 2023 மே வரை ஃபேம்-2 மானியம் ஒரு கிலோவாட் மணிக்கு 15,000 ரூபாய். 3 கிலோவாட் மணி பேட்டரி உள்ள வண்டிக்கு 45,000 ரூபாய் வரை. நீங்கள் வாங்கிய விலையில் அது ஏற்கெனவே கழிந்திருந்தது. மாற்று பேட்டரிக்கு மானியம் கிடையாது. வரியும் வேறு: புது மின்வண்டிக்கு ஜி.எஸ்.டி. 5%, தனியாக வாங்கும் லித்தியம் பேட்டரிக்கு 18%. அடிப்படை விலை 50,000 என்று வைத்துக்கொண்டால் 2,500 ரூபாய்க்குப் பதில் 9,000 ரூபாய் வரி. இருக்கும் வண்டியைக் காப்பாற்றுபவரிடம் கூடுதலாக வாங்கி, புது வண்டி வாங்குபவருக்குச் சலுகை தரும் கொள்கை இது. முதல் தலைமுறை வண்டிகளுக்கு வயதாகும் இந்த நேரத்தில் அரசு இதைத் திருத்தியே ஆக வேண்டும்.

இந்த விலைக்குப் பயந்துதான் பலர் செல் மாற்றித் தரும் லோக்கல் கடைகளைத் தேடுகிறார்கள். 2022-இல் அடுத்தடுத்து வண்டிகள் தீப்பிடித்த பிறகுதான் ஏ.ஐ.எஸ்.-156 பாதுகாப்பு விதிகள் கடுமையாக்கப்பட்டன. கடையில் பிரித்துக் கட்டிய பேக் அந்தச் சோதனைக்குப் போனதே இல்லை. ஏதாவது ஆனால் இன்சூரன்ஸ் க்ளெய்மிலும் சிக்கல் வரலாம். பாதி விலை என்றாலும், வீட்டு வாசலில் ராத்திரி சார்ஜ் போடும் வண்டிக்கு இது வேண்டாம்.

பணம் கட்டும் முன் இன்னொரு முறை வாரண்டியைப் பாருங்கள். ஓலா 2024 பிப்ரவரியில் 8 ஆண்டு அல்லது 80,000 கி.மீ. என்று அறிவித்தது. ஏதரின் ‘எயிட்70’ திட்டம் 8 ஆண்டு வரை 70% திறனுக்கு உறுதி தருகிறது. உங்கள் வண்டிக்கு எது பொருந்தும் என்பது வாங்கிய தேதியையும் எடுத்த பிளானையும் பொறுத்தது. எஸ்டிமேட், அதே ரகப் புது வண்டி விலையில் பாதியைத் தாண்டினால், எக்ஸ்சேஞ்ச் விலையையும் கேட்டுப் பார்ப்பது நல்லது.

பழைய பேக்கைச் சும்மா விட்டுவிட்டு வராதீர்கள். 2022 பேட்டரிக் கழிவு மேலாண்மை விதிகளின்படி, அதைத் திரும்பப் பெற்று மறுசுழற்சிக்கு அனுப்புவது தயாரிப்பாளரின் பொறுப்பு. உள்ளே இருக்கும் உலோகத்துக்கு மதிப்பு உண்டு. அதற்கு எவ்வளவு கழிப்பார்கள் என்று பில் போடும் முன்பே கேட்டுவிடுங்கள்.